தோலை வெளுக்கும் க்ரீம்: ஜமைக்கா தரும் எச்சரிக்கை

ஜமைக்காவின் தலைநகர் கிங்ஸ்டன் கடைத்தெருவில், லேபிளே இல்லாத சின்ன டப்பாக்களில் ஒரு க்ரீம் கலவை கிடைக்கும். பெயர் ‘ரப்பிங்ஸ்’. என்னென்ன கலந்தது என்று வாங்குபவருக்குத் தெரியாது. அதைப் பூசியவர்கள், வெளுத்த தோல் மறுபடி கறுத்துவிடக் கூடாதென்று சுட்டெரிக்கும் வெயிலிலும் முழுக்கைச் சட்டையோடு நடமாடுகிறார்கள்.

தோலை வெளுக்கும் இந்த ஆசைக்கு வேர் கரும்புத் தோட்டங்களில் இருக்கிறது. வெள்ளை முதலாளிகளுக்கு அடிமைப் பெண்களிடம் பிறந்த பிள்ளைகளில் பலருக்கு வீட்டு வேலை கிடைத்தது. சிலருக்கு விடுதலையும் சொத்தும் கூடக் கிடைத்தன. கரிய நிறத்தவர் வயலில் வெந்தார்கள். 1838-ல் அடிமைமுறை முற்றிலும் ஒழிந்தது. நிறத்துக்குப் போட்ட விலை மட்டும் ஒழியவில்லை. வெளிர்நிறப் பெண்ணை ‘பிரவுனிங்’ என்று இன்றும் புகழ்கிறார்கள்.

ஆபத்து என்ன?

இத்தகைய க்ரீம்களில் கலந்திருக்கக்கூடியவை இவை:

● பாதரசம்: சிறுநீரகத்தையும் நரம்புகளையும் கெடுக்கும், கருவிலுள்ள குழந்தையையும் பாதிக்கும். துண்டு, தலையணை வழியாக வீட்டிலுள்ள மற்றவர்களுக்கும் பரவும்.

● ஹைட்ரோகுவினோன்: நெடுநாள் பூசினால் நீலம் பாய்ந்த கருந்திட்டுகள் படியலாம். வெளுக்கப் பூசியதே முகத்தைக் கறுக்க வைக்கும்.

● குளோபெட்டசால் போன்ற ஸ்டீராய்டுகள்: தோல் மெலியும், வரிவரியாகப் பிளக்கும், புண் ஆறத் தாமதமாகும்.

உரிமை என்ன?

ஜமைக்காவின் 2011 அடிப்படை உரிமைகள் சாசனம், நிறத்தின் பேரில் பாகுபாடு காட்டுவதைத் தடுக்கிறது. பாதரசத்தைக் கட்டுப்படுத்தும் சர்வதேச மினமாட்டா உடன்படிக்கையில் அந்நாடும் உறுப்பினர். அதன்படி, பாதரசம் சேர்த்த அழகுசாதனங்களின் தயாரிப்பையும் ஏற்றுமதி இறக்குமதியையும் நிறுத்த 2025-தான் கெடு.

என்ன செய்யலாம்?

லேபிள் இல்லாததை வாங்காதீர்கள். லேபிளில் ‘மெர்க்குரி’, ‘கேலோமெல்’ எனப் பாதரசத்தைக் குறிக்கும் பெயர்கள் இருந்தாலும், நகையில் படக்கூடாது என்ற எச்சரிக்கை இருந்தாலும் உடனே நிறுத்துங்கள். டப்பாவை இறுக மூடிப் பையில் போட்டு மருத்துவரிடம் காட்டுங்கள். சிறுநீர்ப் பரிசோதனையில் பாதரச அளவு தெரியும். ஸ்டீராய்டை நெடுநாள் பூசியவர்கள் திடீரென நிறுத்தாமல், மருத்துவர் சொல்கிறபடி படிப்படியாகக் குறைக்க வேண்டும். விற்றவர் மீது ஜமைக்காவின் நுகர்வோர் விவகார ஆணையத்தில் புகார் செய்யலாம்.

2007-ல் ஜமைக்கா சுகாதார அமைச்சகம் ‘தோலைக் கொல்லாதீர்கள்’ என்று பிரசாரம் நடத்தியது. அந்த அறிவுரை தேவைதான். ஆனால் பூசுபவரை மட்டும் கடிந்து பயனில்லை. வெளிர்நிறத்துக்கு முதல் நாற்காலி போடும் முதலாளியும், விஷத்தை டப்பாவில் அடைத்து விற்பவரும் பதில் சொல்லும் நிலை வரவேண்டும்.