பழைய காருக்கு ஏற்ற றிம்

1948 இல் இங்கிலாந்தில் வெளிவந்த மொறிஸ் மைனர் கார் இன்றும் இலங்கை வீதிகளில் ஓடக் காண்கின்றோம். அதன் சில்லின் றிம் பழுதுற்றால், நான்கு துளையுள்ள யப்பானிய றிம்மொன்றை மாட்டிவிடுவோர் உளர். துளைகளை எண்ணுதல் போதாது. எதிரெதிர்த் துளைகளின் நடுவிலிருந்து நடுவுக்கு அளத்தல் வேண்டும். மைனருக்கு அவ்வளவு 4 அங்குலம், அஃதாவது 101.6 மில்லிமீற்றர். யப்பானியச் சிறு கார்கள் பலவற்றில் அது 100 மில்லிமீற்றர். 1.6 மில்லிமீற்றர்தானே என்பர்! இறுக்கினால் றிம் ஏறவுங்கூடும். ஆயின் நட்டின் கூம்பு துளையிற் செவ்வனே படியாது. ஆணி ஒருபுறம் இழுபடும். ஓட்டத்தில் நட்டுத் தளரும். சில்லுக் கழன்றபின் பிறேக்கினால் ஆவதென்ன? துளை பொருந்தினாலும், முன்சில்லை இருபுறமும் முழுதாகத் திருப்பி, எங்கும் உரசவில்லையெனக் கண்டபின்பே விலை பேசுதல் தகும்.