ஒரு 'கெத்து'க்கு என்ன விலை பாஸ்?

முத்துநகர் எக்ஸ்பிரஸ்ல சென்னைக்குப் போறீங்க. எதிர் சீட்டுக்காரர் "தம்பிக்கு எந்த ஊரு?"ன்னு கேட்கிறார். "தூத்துக்குடி"ன்னு சொன்னதும் அடுத்த கேள்விக்கு ரெண்டே சாய்ஸ்தான். ஒண்ணு, "மக்ரூன் வாங்கிட்டு வந்தீங்களா?" இன்னொண்ணு, "உங்க ஊர்ல எல்லாரும் அருவாளோடதான் சுத்துவாங்களாமே?"

முதல் கேள்விக்குச் சிரிச்சுட்டுப் போயிடலாம். ரெண்டாவதுக்கு வர்ற கோபம் நியாயமானதுதான். விடியறதுக்கு முன்னாடி திரேஸ்புரத்துல வள்ளம் தள்ளுறவர், கொளுத்துற வெயில்ல உப்பளத்துல வெறுங்காலோட நிக்கிறவர், துறைமுகத்துல ஷிப்ட் பார்க்கிறவர்... இவங்கதான் தூத்துக்குடி. இதுல அருவாளுக்கு ஏது நேரம்?

ஆனா ஃப்ரெண்ட்ஸ், கோபப்பட்டு முடிச்சுடுற விஷயம் இல்லை இது. கையளவு ஆட்கள் கூட்டம் சேர்ந்து ஆடுற ஆட்டத்துக்கு மொத்த ஊரும் பில் கட்டிக்கிட்டு இருக்கு. அந்தக் கூட்டத்துக்கு ஆள் தேவைப்படும்போது முதல்ல தேடப்படுறது யார் தெரியுமா? உங்க வயசுப் பசங்கதான். அதனால கொஞ்சம் சீரியஸாவே பேசுவோம்.

ஆரம்பம் ரொம்பச் சின்னது!

யாரும் காலையில எந்திரிச்சு, "இன்னைக்கு ரவுடி ஆகலாம்"னு முடிவு பண்றது இல்லை. பஸ்ல ஜன்னல் சீட், கொடை விழாவுல யார் முன்னாடி ஆடுறது, கபடி மேட்ச்ல ஒரு தள்ளுமுள்ளு, கையில கட்டுற கயிறோட கலர். இதுல ஏதோ ஒண்ணுல வாய் தகராறு. "நம்ம பையன் மேலேயே கை வச்சுட்டானா?"ன்னு ஒரு 'அண்ணன்' வருவார். பைக் தருவார், பரோட்டா வாங்கித் தருவார், ஸ்டேஷனுக்குப் போனா ஜாமீனுக்கு ஆள் அனுப்புவார். இதெல்லாம் பாசம்னு நினைச்சா ஏமாந்தீங்க. அது அட்வான்ஸ். அண்ணன் என்னைக்கு வேலை சொல்றாரோ அன்னைக்குத் திருப்பித் தரணும்.

அப்புறம் அருவாளோட ஒரு போட்டோ, பின்னணியில ஒரு பாட்டு, ஸ்டேட்டஸ்ல ஏத்தினா இருநூறு லைக். லைக் போட்டவங்கள்ல எத்தனை பேர் கோர்ட் வாய்தாவுக்குக் கூட வருவாங்கன்னு அப்போ யாரும் கணக்குப் போடுறது இல்லை. அதே போட்டோ போலீஸ் கையில ஆதாரமா போய் நிக்கும்.

மணல்ல ஆரம்பிச்சு கன்டெய்னர் வரைக்கும்...

இந்தக் கூட்டங்களுக்கு வீரம் ஒரு மேல்பூச்சுதான். உள்ளே ஓடுறது பணம். தாமிரபரணி மணல், கட்டப் பஞ்சாயத்து, கஞ்சா, கடல் வழியா நடக்கிற கடத்தல்னு அதுக்குப் பல வாசல்.

2023 ஏப்ரல் 25-ஐ ஞாபகம் இருக்கா? முறப்பநாடு கோவில்பத்து கிராம நிர்வாக அலுவலர் லூர்து பிரான்சிஸ், பட்டப்பகல்ல தன்னோட ஆபீஸ் நாற்காலியில இருக்கும்போதே வெட்டிக் கொல்லப்பட்டார். அவர் செய்த 'தப்பு', ஆத்து மணல் திருட்டைப் பத்திப் போலீஸ்ல புகார் கொடுத்தது. அதாவது, அவரோட வேலையை அவர் செய்தது. அதே வருஷம் செப்டம்பர்ல தூத்துக்குடி மாவட்ட நீதிமன்றம் ரெண்டு பேருக்கு ஆயுள் தண்டனை கொடுத்துச்சு. அஞ்சே மாசத்துல தீர்ப்பு. பாராட்டலாம். ஆனா யோசிச்சுப் பாருங்க. நாளைக்கு நீங்களே குரூப் பரீட்சை எழுதி வி.ஏ.ஓ. ஆகி, அதே மாதிரி ஒரு நாற்காலியில உட்கார்ந்தா, மணல் லாரியைப் பார்த்ததும் கை பேனாவை எடுக்குமா, நடுங்குமா? ஒரு கொலை நூறு ஆபீஸ்ல பயத்தை விதைக்குது. சமூகத்துக்கு ஆகிற சேதம் இதுதான். செத்தவர் ஒருத்தர். வாயை மூடிக்கிறவங்க எத்தனையோ பேர்.

துறைமுகத்துக்கு வாங்க. 2021 ஏப்ரல்ல வ.உ.சி. துறைமுகத்துக்கு மரத்தடிகளோட வந்த ஒரு கன்டெய்னரை வருவாய்ப் புலனாய்வு அதிகாரிகள் திறந்து பார்த்தா, உள்ளே சுமார் 300 கிலோ கொகெய்ன். அந்தச் சரக்கோட சொந்தக்காரனும் லாபம் பார்க்கிறவனும் எங்கேயோ ஒரு நாட்டுல ஏ.சி. ரூம்ல இருப்பான். எந்தக் கடத்தல்லேயும் மாட்டுறது யாரு? கரையில மூட்டை தூக்குறவன், படகு ஓட்டுறவன், "இந்தப் பார்சலை மட்டும் கொடுத்துட்டு வா"ன்னு அனுப்பப்பட்ட பையன். இந்தத் தொழில்ல மேலே இருக்கிறவனுக்குப் பணம், கீழே இருக்கிறவனுக்கு எஃப்.ஐ.ஆர்.

எதிர்க் கரையையும் கொஞ்சம் பாருங்க. இலங்கையில பெரிய தாதாவா இருந்த அங்கொட லொக்கா, வேற பேர்ல கோயம்புத்தூர்ல ஒளிஞ்சு வாழ்ந்து, 2020 ஜூலையில அங்கேயே செத்துப் போனார். சொந்தப் பேரைச் சொல்லக்கூட முடியாத வாழ்க்கை. தாதாக்களோட கிளைமாக்ஸ் பெரும்பாலும் இப்படித்தான் இருக்கு. சினிமா மட்டும் அதுக்கு முன்னாடியே இன்டர்வெல் விட்டுடும்!

முடியாத கணக்கு

நம்ம பக்கத்துப் பழிவாங்கலுக்கு எக்ஸ்பயரி டேட் கிடையாது. 2012 ஜனவரியில பசுபதி பாண்டியன் திண்டுக்கல் நந்தவனப்பட்டியில கொல்லப்பட்டார். தூத்துக்குடி மாவட்டத்துல பல வருஷமா புகைஞ்ச பகையோட தொடர்ச்சி அது. கதை அங்கே முடிஞ்சுதா? 2021 செப்டம்பர்ல, அந்தக் கொலை வழக்குல குற்றம் சாட்டப்பட்டிருந்த ஒரு பெண்மணியை அதே ஊர்ல கொன்னாங்க. நடுவுல 9 வருஷம்! முதல் கொலை நடந்தப்போ ஆறாம் வகுப்பு படிச்சுக்கிட்டு இருந்த ஒரு பையன், அந்த ரெண்டாவது கொலை நடக்கும்போது காலேஜ் முடிச்சிருப்பான். அப்படின்னா ஒரு பகை அடுத்த தலைமுறையை வாடகைக்கு எடுக்குற அளவுக்கு ஆயுசோட இருக்குன்னு அர்த்தம்.

இது பள்ளிக்கூடம் வரைக்கும் இறங்கிடுச்சு. 2025 மார்ச்ல, ஸ்ரீவைகுண்டம் பக்கத்துல பரீட்சை எழுத பஸ்ல போன பதினொண்ணாம் வகுப்பு மாணவனை இறக்கி வெட்டினதுல அவன் கை விரல்கள் துண்டாச்சு. பேனா பிடிக்க வேண்டிய விரல். அதுக்குப் பின்னாடி கபடி மேட்ச்ல வந்த மனஸ்தாபம்னு செய்தி வந்துச்சு. 2023-ல நாங்குநேரியில வீட்டுக்குள்ள புகுந்து ஒரு பிளஸ் டூ மாணவனை சக மாணவர்களே வெட்டின பிறகுதான், நீதிபதி சந்துரு தலைமையில ஒரு நபர் குழு போட்டாங்க. பள்ளியில சாதியை அடையாளம் காட்டுற கயிறு, பொட்டு எல்லாம் வேண்டாம்னு 2024-ல அந்தக் குழு சொல்லுச்சு. ஒரு முழக் கயிறுக்கு அரசாங்கம் கமிட்டி போட வேண்டிய நிலைமை!

'உள்ளே' என்ன நடக்குது?

"ஒரு தடவை உள்ளே போயிட்டு வந்தா தனி மரியாதை மாப்ளே!" உங்க ஹாஸ்டல்லயும் இந்த டயலாக் கேட்டிருக்கும். சரி, உள்ளேயும் போய்ப் பார்ப்போம்.

தேசிய குற்ற ஆவணக் காப்பகத்தோட 2022 கணக்கு இது: இந்தியச் சிறைகள்ல 4,36,266 பேருக்குத்தான் இடம். இருந்தவங்க 5,73,220 பேர். இவங்கள்ல முக்கால்வாசி, அதாவது 4,34,302 பேர், விசாரணைக் கைதிகள். கோர்ட் இன்னும் "குற்றவாளி"ன்னு சொல்லாதவங்க. வயசு வாரியா பார்த்தா, பெரிய கூட்டம் 18-லேர்ந்து 30 வரைக்கும். புரியுதா? ஜெயிலும் ஒரு காலேஜ் மாதிரிதான். என்ன, சிலபஸ் வேற, புரொபசர்கள் வேற!

இட நெருக்கடி இருக்கிற இடத்துல, பாய் விரிக்கிற இடம், சோறு, போன் எல்லாத்துக்கும் ஒரு 'பெரியவர்' தேவைப்படும். முதல் தடவை உள்ளே வர்ற இருபது வயசுப் பையனுக்கு ரெண்டே பயம். அடிப்பாங்களோ, வீட்டுல கைவிட்டுடுவாங்களோ. இந்த ரெண்டு பயத்துக்கும் கேங்க் வச்சிருக்கிற மருந்து ஒண்ணுதான்: "நம்ம ஆளுங்க பக்கம் வந்துடு." சின்ன அடிதடி வழக்குல உள்ளே போனவன், வெளியே வரும்போது பெரிய கூட்டத்தோட ஆளா வர்றது இப்படித்தான்.

'நம்ம ஆளு'ன்னா யாரு? நம்ம பக்கம் அதுக்குப் பெரும்பாலும் சாதின்னுதான் அர்த்தம். பாளையங்கோட்டை மத்திய சிறையில சாதிவாரியா தனித்தனி பிளாக்குல அடைக்கிறதை எதிர்த்து முன்பு ஒரு பொதுநல வழக்கு போனப்போ, "திருநெல்வேலி, தூத்துக்குடி மாவட்டங்கள்ல மோதல் சகஜம், அதைத் தவிர்க்கத்தான் பிரிச்சு வைக்கிறோம்"னு அரசுத் தரப்பு சொல்ல, உயர் நீதிமன்றமும் அதை ஏத்துக்கிச்சு. பாருங்க, நம்ம மாவட்டத்தோட பேர் எந்த லிஸ்ட்ல போய் உட்கார்ந்திருக்குன்னு!

பிரிச்சு வச்சதால அமைதி வந்துச்சா? 2021 ஏப்ரல் 22. ஸ்ரீவைகுண்டம் கிளைச் சிறையில இருந்து பாளையங்கோட்டைக்கு மாத்தப்பட்ட ஓர் இளம் விசாரணைக் கைதியை, அதே நாள்லயே சக கைதிகள் அடிச்சுக் கொன்னாங்க. தண்டனையே கிடைக்காத ஒருத்தர், அரசாங்கத்தோட பூட்டுக்குள்ள, ஒரு ராத்திரி கூடத் தங்காம செத்துப் போனார். நியாயம் கேட்டு அவரோட குடும்பம் ரெண்டு மாசத்துக்கு மேல உடலை வாங்காமலே காத்துக் கிடந்துச்சு.

2024 அக்டோபர் 3-ம் தேதி உச்ச நீதிமன்றம் இதுக்கு ஒரு முற்றுப்புள்ளி வச்சுது. பத்திரிகையாளர் சுகன்யா சாந்தா தொடுத்த வழக்குல, சிறையில சாதி பார்த்து அடைக்கிறதும் வேலை கொடுக்கிறதும் அரசியல் சாசனத்துக்கு விரோதம்னு தீர்ப்பு. பாளையங்கோட்டை வழக்கையும் நீதிபதிகள் எடுத்துப் பேசி, உயர் நீதிமன்றத்தோட நிலையை ஏத்துக்க முடியாதுன்னாங்க. ஒழுங்கைக் காப்பாத்துறது சிறை நிர்வாகத்தோட பொறுப்பு, அதுக்காக சாதிச் சுவர் எழுப்பக் கூடாதுங்கிறது சாரம். சட்டம் சுவரை இடிச்சுடுச்சு. மனசுக்குள்ள இருக்கிறதை யார் இடிக்கிறது?

அடிச்சு உள்ளே தள்ளுனா சரியாயிடாதா?

நியாயமான கேள்வி. ரெண்டு நாட்டுக் கதை சொல்றேன்.

பிரேசில். 1992-ல சாவோ பாலோ நகரத்து கராந்திரு சிறைக் கலவரத்தை அடக்கப் போன போலீஸ், 111 கைதிகளைக் கொன்னுச்சு. அடுத்த வருஷமே வேற ஒரு சிறையில சில கைதிகள் சேர்ந்து 'பி.சி.சி.'ங்கிற கேங்க்கை ஆரம்பிச்சாங்க. "எங்களை நாங்களே பாதுகாத்துக்குவோம்"ங்கிறதுதான் கோஷம். 2006 மே மாசம் தலைவர்களை வேற சிறைக்கு மாத்தினப்போ, உள்ளே இருந்தபடியே சாவோ பாலோவை ஸ்தம்பிக்க வச்சாங்க. இன்னைக்கு அது தென் அமெரிக்காவோட பெரிய கேங்க்குகள்ல ஒண்ணு. பொறந்த இடம், ஜெயில்!

எல் சல்வடோர். 2022 மார்ச்ல அவசர நிலை கொண்டு வந்து எண்பதாயிரம் பேருக்கு மேல பிடிச்சாங்க. நாற்பதாயிரம் பேரை அடைக்க ஒரே ஜெயில் கட்டினாங்க. கொலைகள் நிஜமாவே குறைஞ்சுது, மறுக்க முடியாது. ஆனா பிடிச்சவங்கள்ல ஆயிரக்கணக்கானவங்களை அப்பாவிகள்னு அந்த அரசாங்கமே விடுதலை பண்ண வேண்டி வந்துச்சு. அந்த ஆயிரத்துல ஒருத்தர் உங்க அண்ணனா இருந்தா? தெருவுல நின்ன ஒரே காரணத்துக்காக?

இப்போ பில்லைப் பாருங்க

நம்ம ஊருக்கு வருவோம். 1982-ம் வருஷத்துத் தமிழ்நாடு குண்டர் சட்டத்துல (14-ம் எண் சட்டம்) ஒருத்தரை விசாரணை இல்லாமலே ஒரு வருஷம் வரைக்கும் உள்ளே வைக்கலாம். ஒரு வருஷம்னா ரெண்டு செமஸ்டர்.

போலீஸ் செலக்ஷனுக்காக அதிகாலையில கிரவுண்டுல ஓடுற ஃப்ரெண்டு உங்க எல்லாருக்கும் இருப்பான். அவன்கிட்ட இதைச் சொல்லுங்க: தமிழ்நாடு காவல் பணி விதிகள்படி, கிரிமினல் வழக்குல 'சந்தேகத்தின் பலன்' கொடுத்து விடுதலை ஆனாலும், சாட்சி பல்டி அடிச்சு விடுதலை ஆனாலும், வழக்குல சம்பந்தப்பட்டவராத்தான் கணக்கு. கேஸ்ல ஜெயிச்சும் வேலையில தோக்கலாம். வெளிநாட்டுக் கப்பல் வேலைக்குன்னு பாஸ்போர்ட் போட்டாலும் போலீஸ் வெரிஃபிகேஷன் உண்டு. இந்த பில்லை 'அண்ணன்' கட்ட மாட்டார். அம்மாவோட தாலிக்கொடிதான் கட்டும்.

சரி, நாம என்ன பண்ணலாம்?

ஒண்ணு, லைக் போடாதீங்க. அருவாள் ஸ்டேட்டஸுக்கு விழுற ஒவ்வொரு லைக்கும் ஒரு தள்ளு. மாறா, அந்தப் பையனைத் தனியா கூப்பிட்டு ஒரு டீ வாங்கிக் கொடுத்து, "என்னலே பிரச்னை?"ன்னு கேளுங்க. அண்ணன் செய்யறதுக்கு முன்னாடி நீங்க செய்யணும், அவ்வளவுதான்.

ரெண்டு, தெரிஞ்சவன் மாட்டிக்கிட்டா கைவிடாதீங்க. இலவசச் சட்ட உதவிக்கு 15100-னு ஒரு நம்பர் இருக்கு. மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழு இருக்கு. முதல் தடவை வழக்குல சிக்கின விசாரணைக் கைதி, அந்தக் குற்றத்துக்கான அதிகபட்ச தண்டனையில மூணுல ஒரு பங்கு காலம் உள்ளே இருந்துட்டா, ஆயுள், தூக்கு மாதிரியான வழக்குகள் தவிர மற்றதுல, வெளியே விடணும்னு புதிய சட்டத்தோட 479-ம் பிரிவு சொல்லுது. அவன் மேல வேற வழக்குகள் நிலுவையில இருந்தா அது கிடைக்காது. வக்கீலும் வீடும் ஃப்ரெண்ட்ஸும் தேடி வந்தா, உள்ளே இருக்கிறவனுக்குக் கேங்க் தேவைப்படாது.

மூணு, திரும்பி வந்தவனுக்குக் கதவைத் திறங்க. பாளையங்கோட்டை சிறைத்துறை பெட்ரோல் பங்க்ல கைதிகள் வேலை பார்க்கிறாங்க. சென்னைப் புத்தகக் காட்சியில சிறை நூலகங்களுக்காக 'கூண்டுக்குள் வானம்'னு அரங்கு போட்டுப் புத்தகம் வாங்கினாங்க. உங்க அலமாரியில தூங்குற புத்தகம், உள்ளே ஒருத்தனோட ராத்திரியை மாத்தலாம்.

கடைசியா ஒண்ணு. ஜெயிலுக்குப் போய் நம்ம ஊருக்குப் பெருமை சேர்த்தவரும் ஒருத்தர் உண்டு. 1906-ல வெள்ளைக்காரனை எதிர்த்து சுதேசிக் கப்பல் கம்பெனி ஆரம்பிச்சு, 1908-ல ராஜதுரோக வழக்குல தண்டனை வாங்கி, செக்கு இழுத்து, 1912-ல வெளியே வந்த வ.உ.சிதம்பரம் பிள்ளை. அவர் யாரையும் வெட்டல. எந்தத் தெருவையும் மிரட்டல. நூறு வருஷத்துக்கு மேல ஆகியும் துறைமுக வாசல்ல அவர் பேர்தான் இருக்கு.

கெத்துன்னா அது பாஸ்!