காலைக் காக்கும் காற்று அறை

காலில் முள் தைத்தால் பிடுங்கி எறிந்துவிட்டு நடக்கிறோம். நாலு நாளில் ஆறிவிடுகிறது. நீரிழிவு முற்றியவருக்கோ, நரம்பு மரத்துப் போனதால் முள் தைத்ததே தெரியாது. ரத்தக் குழாய் அடைபட்டால் புண்ணுக்குப் பிராணவாயு எட்டாது. மாதக் கணக்கில் ஆறாமல், கடைசியில் காலையே எடுக்கும்படி நேரிடும்.

இதற்கு ஒரு வழி ஆம்ஸ்டர்டாமில் பிறந்தது. ரண சிகிச்சை நிபுணர் ஈட்டெ பூரெமா, பன்றிகளின் ரத்தத்திலிருந்து சிவப்பணுக்களை அநேகமாக முழுவதும் நீக்கி, அழுத்தம் மிகுந்த அறையில் பிராணவாயுவைச் சுவாசிக்க விட்டார். அவை பிழைத்துக்கொண்டன! 1960-ல் இதை வெளியிட்டார். சோடாவில் வாயு கரைவதுபோல், பிராணவாயு ரத்தத்தின் நீர்ப்பகுதியிலேயே கரைந்துவிடுகிறது.

நோயாளி அத்தகைய அறையில் தினமும் ஒன்றரை மணி நேரம் போலச் சுத்தப் பிராணவாயுவைச் சுவாசிக்க வேண்டும். முப்பது, நாற்பது நாள். காது அடைக்கும். தீப்பொறிக்கு இடமே கூடாது.

பலன் உண்டா? 2010-ல் வெளியான ஸ்வீடன் ஆராய்ச்சியில், ஓராண்டில் 52 சதவீதம் பேருக்குப் புண் ஆறியது. அதே அறையில் வெறும் காற்றைச் சுவாசித்தவர்களில் 29 சதவீதந்தான். ஆனால் 2018-ல் வெளியான ஹாலந்து ஆராய்ச்சியில், கால் இழப்பு குறைந்ததென்று நிரூபணமாகவில்லை.

ஆகவே, அறையை மட்டும் நம்பிக் கால்மேல் கால் போட்டுக்கொண்டிருக்க முடியாது. சர்க்கரை அடங்க வேண்டும். புண் சுத்தமாக வேண்டும். அடைபட்ட குழாய் திறக்க வேண்டும். அறை துணைக்குத்தான்.

இன்றிரவு, நீரிழிவுள்ள உங்கள் வீட்டுப் பெரியவரின் பாதங்களை விளக்கருகே ஒரு தடவை பாருங்களேன்!