எண் சாண் உடம்பின் யோசனை

திருச்சிராப்பள்ளி மலைக்கோட்டையின் உயரம் சுமார் 270 அடி. நானூறுக்கு மேற்பட்ட படிகளை ஏறினால் உச்சிப் பிள்ளையாரைத் தரிசிக்கலாம். இவை அளவுகோல் கூறும் செய்திகள். ஆனால் அடிவாரத்திலே மாணிக்க விநாயகர் சந்நிதி அருகே நிற்பவர்களிடம், "மலை எவ்வளவு உயரம் இருக்கும்?" என்று கேட்டால் விடை பலவாறாக வரும். பள்ளிக்கூடத்துச் சிறுவன், "இதோ, ஒரே ஓட்டம்!" என்பான். இடுப்பில் குழந்தையைச் சுமந்து நிற்கும் தாய் அண்ணாந்து பார்த்துப் பெருமூச்சு விடுவாள். முழங்கால் வாதமுள்ள பெரியவரோ கீழேயே ஒரு கும்பிடு போட்டுவிட்டு, "பிள்ளையார் நம்மை மன்னிப்பார்" என்று சொல்லித் திண்ணையில் அமர்ந்துவிடுவார்.

மலை ஒன்றுதான். மூவருக்கும் கண்கள் உண்டு. மாறுபடுகிறவை கால்களே. அப்படியானால் மலையைப் பார்ப்பது கண் மட்டுந்தானா, காலுங்கூடப் பார்க்கிறதா என்ற வினா எழுகிறதல்லவா?

"எண் சாண் உடம்புக்குச் சிரசே பிரதானம்" என்று நம் பெரியோர் சொல்லி வைத்தார்கள். அப்பழமொழியிலேயே ஒரு வேடிக்கை இருக்கிறது. உடம்பை அளப்பதற்குக் கோலைத் தேடாமல், உடம்பின் ஓர் உறுப்பாகிய கையையே விரித்துச் சாண் போட்டிருக்கிறார்கள். சாண், முழம், அடி என்று நாம் உலகை அளந்த கருவிகள் யாவும் நம் உடம்பிலிருந்தே பிறந்தவை. எண்ணுவதற்குப் பத்து என்ற அடிப்படை கிடைத்ததும் பத்து விரல்களின் உபகாரமே. சிரசு பிரதானமாக இருக்கட்டும். ஆனால் அது தனியே உட்கார்ந்து யோசிக்கிறது என்று கொள்வதற்கில்லை.

மேல்நாட்டிலே டேகார்ட் (1596–1650) என்ற தத்துவஞானி, மனம் வேறு, உடம்பு வேறு, இரண்டும் வெவ்வேறு வகைப் பொருள்கள் என்று வகுத்தார். அதன் பிறகு நெடுங்காலம், மனத்தை எஜமானனாகவும் உடம்பைச் செய்தி கொண்டுவரும் சேவகனாகவும் கருதும் வழக்கம் கற்றவரிடையே வேரூன்றிவிட்டது. சென்ற அறுபது ஆண்டுகளாக நடந்துவரும் ஆராய்ச்சிகள் அந்தக் கருத்தைப் பலமாக அசைத்திருக்கின்றன. அவற்றுள் சிலவற்றை நேயர்கள் முன் வைக்க விரும்புகிறோம்.

மலைச்சரிவைப் பற்றிய ஆராய்ச்சியையே முதலில் எடுத்துக்கொள்வோம். அமெரிக்காவில் வர்ஜீனியா சர்வகலாசாலையைச் சேர்ந்த பிராபிட் என்பவரும் அவருடைய சகாக்களும் 1995-இல் ஒரு கட்டுரை வெளியிட்டார்கள். மக்கள் சரிவுகளை மிகைப்படுத்தியே மதிப்பிடுகிறார்கள். 5 டிகிரி சரிவை ஏறத்தாழ 20 டிகிரி என்று வாயால் சொல்கிறார்கள். ஓடிக் களைத்தவர்களுக்கு அதே சரிவு இன்னும் செங்குத்தாகத் தோன்றுகிறது என்றார்கள். 1999-இல், முதுகிலே கனமான பையைச் சுமப்பவர்களுக்கும், வயது முதிர்ந்து உடல் நலம் குன்றியவர்களுக்கும் குன்று அதிகச் செங்குத்தாகத் தெரிகிறது என்ற முடிவும் வெளிவந்தது. அடிவாரத்துத் தாயும் பெரியவரும் கண்ட மலை, விஞ்ஞானக் கூடத்தில் உறுதிப்பட்டுவிட்டது போலத் தோன்றியது.

ஆனால் விஷயம் அத்துடன் முடியவில்லை. 2009-இல் டர்ஜின் என்ற ஆராய்ச்சியாளரும் அவரது கூட்டத்தாரும் ஒரு தடை எழுப்பினார்கள். "பையைச் சுமக்கச் சொல்லிவிட்டு மலையைப் பற்றிக் கேட்டால், கேட்பவரின் நோக்கத்தைச் சுமப்பவர் ஊகித்துவிட மாட்டாரா?" என்பதே அத்தடை. பையினுள் இருப்பது தசைகளைச் சோதிக்கும் கருவி என்று ஒரு பொய்க் காரணம் சொல்லிச் சோதித்தபோது, செங்குத்தாகத் தெரிவது மறைந்துபோயிற்று. ஆகவே சுமை நம் கண்ணையே மாற்றுகிறதா, கண்டதைப் பற்றி நாம் சொல்லும் வார்த்தையை மட்டும் மாற்றுகிறதா என்பது விவாதத்துக்குரியதாயிற்று. உடம்பைப் பற்றிய உற்சாகமான முடிவுகள் அனைத்தையும் அப்படியே விழுங்கிவிடக் கூடாது என்பதற்காகவே இதை முதலில் கூறினோம்.

இனி, அதைக் காட்டிலும் ஆழமான வேறொரு பரீட்சை. 1963-இல் ஹெல்ட், ஹெயின் என்ற இருவர், இருட்டில் வளர்த்த பூனைக்குட்டிகளைச் சோடி சோடியாக ஒரு சுழலும் இராட்டினத்தில் பூட்டினார்கள். ஒரு குட்டி தன் கால்களால் நடக்கும். மற்றொன்று சிறு தொட்டியிலே பல்லக்கில் போவது போலச் சுமக்கப்படும். இரண்டும் காணும் காட்சிகள் ஒரே தன்மையானவை. பிறகு சோதித்தபோது, நடந்த குட்டி பள்ளத்தைக் கண்டு ஒதுங்கியது. சுமக்கப்பட்ட குட்டிக்குப் பள்ளமும் மேடும் புலப்படவில்லை. வெளிச்சத்தில் இரண்டு நாட்கள் சுதந்திரமாக நடமாட விட்ட பின்னரே அதுவும் தேறியது. காட்சி கண்ணில் விழுந்தால் மட்டும் போதாது. தன் காலால் நடந்து, நடையினால் காட்சி மாறுவதை உணர்ந்தால்தான் பார்வை பார்வையாகிறது என்பதே இதன் பாடம். பல்லக்கில் போகிறவனுக்குப் பாதை தெரியாது என்பது பூனைக்கும் பொருந்துகிறது!

நம் நாட்டிலேயே இதற்கு ஒரு தொடர்ச்சி உண்டு. பிறவியிலேயே பார்வையற்ற ஒருவன், தொட்டு அறிந்திருந்த உருண்டையையும் கனசதுரத்தையும், பார்வை வந்தவுடன் கண்ணால் மட்டும் இனம் காண்பானா என்று 1688-இல் மாலினோ என்ற அயர்லாந்துக்காரர், தத்துவஞானி லாக்குக்கு எழுதிக் கேட்டார். முந்நூறு ஆண்டுகளுக்கு மேலாகத் தத்துவஞானிகள் தர்க்கித்த அந்த வினாவுக்குத் தில்லியில் ஒரு விடை கிடைத்தது. பவன் சின்ஹா என்ற விஞ்ஞானி தொடங்கிய "பிரகாஷ்" திட்டத்தின்கீழ்ச் சிகிச்சை பெற்ற, 8 முதல் 17 வயது வரையிலான ஐந்து சிறுவர் சிறுமியரின் சோதனை முடிவுகள் 2011-இல் வெளியாயின. கையால் தொட்ட பொருளைக் கண்ணால் அடையாளம் காண்பதில், கட்டு அவிழ்த்த புதிதில், அவர்கள் குருட்டு ஊகத்தைவிடச் சற்றே மேலாகத்தான் விடை சொன்னார்கள். ஆனால் சில நாட்களுக்குள்ளேயே கைக்கும் கண்ணுக்கும் உறவு உண்டாகிவிட்டது. கை அறிந்ததைக் கண் பிறவியிலேயே அறிந்திருக்கவில்லை; பழகிக் கற்றுக்கொள்கிறது. இந்த ஆராய்ச்சியிலும் பங்குகொண்டவர் பூனைக்குட்டிகளை ஆராய்ந்த அதே ஹெல்ட்தான்.

பார்வை இவ்வாறிருக்க, சிந்தனைக்கு உடையாக அமைந்த மொழியைக் கவனிப்போம். தமிழில் மேற்கு என்ற சொல்லிலே "மேல்" இருக்கிறது. கிழக்கிலே "கீழ்" இருக்கிறது. தமிழ்நாடு மேற்கு மலைகளிலிருந்து கீழைக்கடலை நோக்கிச் சரிகிறது. காவேரியும் முக்கொம்பிலிருந்து கல்லணை நோக்கி அப்படியே இறங்குகிறாள். திருச்சியில் மேலரண் சாலை, கீழரண் சாலை என்றும், ஸ்ரீரங்கத்தில் மேலச் சித்திரை வீதி, கீழச் சித்திரை வீதி என்றும் வழங்குகிறோம். அவ்வீதிகளில் நடப்பவர் மேட்டையும் பள்ளத்தையும் உணர்வதில்லை. என்றாலும் என்றோ ஏறி இறங்கிய கால்களின் அனுபவம் நம் நாவிலே தங்கிவிட்டது.

தமிழ் இலக்கணமும் இதற்குச் சாட்சி சொல்கிறது. நன்னூலார் ஏழாம் வேற்றுமைக்கு 28 உருபுகளை வகுத்தார். அவற்றில் முன்வரிசையிலே நிற்பவை எவை? கண், கால், தலை, வாய்! இடம் என்ற நுட்பமான கருத்தைச் சொல்ல வந்த மொழி, உடம்பின் உறுப்புகளையே கடன் வாங்கிக்கொண்டது. தொல்காப்பியமோ உயிர்களை ஓரறிவு முதல் ஆறறிவு வரை வகுக்கையில், தொடுதலை முதல் அறிவாகவும், மனத்தை ஆறாவதாகவும் வைத்தது. மனம் தனிக் குலமாகப் பிரிந்து நிற்கவில்லை; உடம்பின் அறிவுகளோடு ஒரே வரிசையில் கடைசிப் படியாக நிற்கிறது.

1990-களில் பெடர்சன் என்ற மொழியறிஞர் மதுரைப் பக்கத்துத் தமிழரிடையே ஒரு சோதனை நடத்தினார். மேஜைமேல் வரிசையாக வைத்த விளையாட்டுப் பொருள்களை நினைவில் கொள்ளச் சொல்லி, பிறகு ஆளை எதிர்த் திசை நோக்கித் திருப்பி, வேறொரு மேஜையில் அதேபோல் அடுக்கச் சொல்வது அதன் முறை. "வடக்கே நகர்த்து, தெற்கே வை" என்று பேசும் கிராமத்தார் பெரும்பாலும் திசை மாறாமல் அடுக்கினார்கள். "இடம், வலம்" என்று பேசும் நகரத்தார் தங்கள் கைகளைப் பொறுத்தே அடுக்கினார்கள். இருவரும் தமிழரே; உடம்பும் ஒன்றே. ஆயினும் உடம்பை மையமாக்குவதா, பூமியை மையமாக்குவதா என்பதில் பழக்கம் வேறுபட்டது. ஆகையால் உடம்பு சிந்தனைக்கு மூலப் பொருளைத் தருகிறது. அதைக்கொண்டு என்ன செய்வது என்பதை வாழ்க்கையும் மொழியும் தீர்மானிக்கின்றன என்பதே பொருத்தமாகத் தோன்றுகிறது.

கையின் அறிவுக்கு ஓர் உதாரணம் சொல்கிறோம். மிருதங்கத்தின் வலந்தலை நடுவே கரணை என்னும் கரும்பசை இடுகிறார்களல்லவா? சாதாரணத் தோலிலிருந்து எழும் ஒலிகள் ஒன்றோடொன்று இசைவதில்லை. கரணை ஏற்றிய தோலிலே அவை சுருதியோடு இணங்குகின்றன. திருச்சியை அடுத்த திருவானைக்காவில் 1888-இல் பிறந்த ஸர் சி. வி. ராமன், 1920-லும் 1934-லும் வெளியிட்ட ஆராய்ச்சிகளில் இதன் காரணத்தை விளக்கினார். தோலின் ஒன்பது அதிர்வு வகைகள் ஐந்து இசைவொலிகளாக ஒடுங்குகின்றன என்று காட்டினார். கணிதம் பின்னால் வந்து விளக்கியதை, மிருதங்கம் செய்யும் தொழிலாளியின் விரலும் செவியும் தலைமுறை தலைமுறையாக முன்னரே கண்டுபிடித்து வைத்திருந்தன. அவர் பசையைத் தேய்ப்பார், தட்டுவார், கேட்பார், மீண்டும் தேய்ப்பார். அதை யோசனை என்று சொல்லாமல் வேறென்ன சொல்வது?

ஸ்ரீரங்கத்திலே உடம்பைப் பற்றிய சிந்தனை மிகப் பழமையானது. சரீரம் என்பது என்ன என்பதற்கு ஸ்ரீராமானுஜர் தம் ஸ்ரீபாஷ்யத்தில் இலக்கணம் வகுத்தார். ஒரு சேதனன் தாங்கி, தன் பயனுக்காக நியமித்து, தனக்கே உரியதாகக் கொண்டிருக்கும் பொருள் சரீரம் என்பது அதன் சாரம். உலகனைத்தும் இறைவனுக்குச் சரீரம் என்று நிலைநாட்டுவதே ஆசாரியரின் நோக்கம். சரீரத்தில் கட்டுண்ட ஜீவனின் ஞானம் சுருங்கி, இந்திரியங்களின் வழியே வெளிச்சென்று பொருள்களை அறிகிறது என்பதும் அந்தச் சம்பிரதாயத்தின் கொள்கை. இக்கால விஞ்ஞானத்தை அதிலே தேடுவது முறையாகாது. அங்கே ஆத்மா ஆள்கிறது, சரீரம் அடங்குகிறது. இங்கே சரீரமும் சிந்தனையை வடிக்கிறது. எனினும், அறிவைப் பற்றிப் பேசப் புகுந்தவர் உடம்பைப் பற்றிப் பேசாமல் அப்பால் செல்ல முடியாது என்பதில் இரு சாராரும் ஒன்றுபடுகிறார்கள். வைகுண்ட ஏகாதசி உத்சவத்தில் அரையர்கள் பாசுரத்தை வாயால் இசைத்ததோடு நில்லாமல் அபிநயமும் பிடிப்பதைப் பார்த்தவர்களுக்கு, பொருளைக் கை எவ்வளவு தெளிவாகச் சொல்லும் என்பதை நாம் விளக்க வேண்டுவதில்லை.

உபாத்தியாயத் தொழிலில் இருக்கும் நமக்கு இவையெல்லாம் வெறும் வேடிக்கைச் செய்திகள் அல்ல. "கையைக் கட்டு, வாயைப் பொத்து" என்பது பல வகுப்புகளில் முதற் பாடம். "விரல் விட்டு எண்ணாதே" என்பது இரண்டாவது. இவ்விரண்டையும் நாம் மறுபடி ஆலோசிக்க வேண்டியிருக்கிறது. சிகாகோ சர்வகலாசாலையின் கோல்டின்-மெடோ என்ற பேராசிரியையும் அவரது சகாக்களும் 2008-இல் வெளியிட்ட ஆராய்ச்சியில், கணக்கைக் கற்கும்போது கையால் சைகை செய்து கற்ற குழந்தைகளுக்கு, நான்கு வாரம் சென்ற பின்னரும் பாடம் மறக்கவில்லை; வாயால் மட்டும் சொன்னவர்களில் பலருக்கு அது நழுவிவிட்டது. பிறவிக் குருடர்கள் தம்மைப் போன்ற பார்வையற்றவரோடு பேசும்போதும் கையை அசைக்கிறார்கள் என்பதை அவர் 1998-லேயே எடுத்துக் காட்டியிருந்தார். காண்பவர் எவருமில்லாத இடத்திலே அந்தக் கை யாருக்காக அசைகிறது? பேசுபவரின் சிந்தனைக்குத் துணையாகத்தான் என்று எண்ண இடமிருக்கிறது.

நம் வீடுகளில் இந்த அறிவு முற்றும் அழிந்துவிடவில்லை. ஆதி தாளத்தைப் போடும் பெண், ஒரு தட்டு, மூன்று விரல், பின் தட்டும் வீச்சுமாக இருமுறை என்று எட்டு அட்சரங்களின் கணக்கைக் கையிடம் ஒப்படைத்துவிட்டு, மனத்தை ராகத்தில் செலுத்துகிறாள். ஜபம் செய்யும் பாட்டியின் கட்டைவிரல், மற்ற விரல்களின் கணுக்களைத் தொட்டுத் தொட்டுப் பிசகாமல் எண்ணுகிறது. திண்ணைப் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் மணலிலே விரலால் "அ" எழுதியபோது, எழுத்தின் வளைவு கண்ணுக்குள் நுழையுமுன் விரலுக்குள் நுழைந்தது.

ஆதலால் பெற்றோர்களுக்கும் நம்மைப் போன்ற உபாத்தியாயர்களுக்கும் ஒரு வேண்டுகோள். குழந்தை விரல் விட்டு எண்ணினால் அதட்ட வேண்டாம். விரல்கள் தாமாகவே ஓய்வு பெறும் காலம் வரும். கோயிலுக்குப் போகையில் நடக்கத் தெரிந்த பிள்ளையைத் தோளிலிருந்து இறக்கி, பிராகாரத்தை அதன் காலாலேயே வலம் வரச் சொல்லுங்கள். பரப்பளவு கற்பிக்கும் நாளில் கூடத்தைச் சாணாலும் அடியாலும் அளக்கச் சொல்லுங்கள். ஒருவன் சாணும் மற்றவன் சாணும் ஒவ்வாமல் சண்டை மூளும்போதுதான், பொது அளவுகோல் ஏன் வேண்டும் என்பது அவர்களுக்கு விளங்கும். அப்போது பலகையில் எழுதிப் போடும் சூத்திரம், அவர்கள் கை ஏற்கெனவே அறிந்த ஒன்றின் பெயராக இருக்கும்.