லீகும் காங்கிரஸும்: சென்னை மாகாணம் சொல்லும் பாடம்

காலனி ஆட்சிக்கால முஸ்லிம் அரசியல் தொடக்கம் முதலே பாகிஸ்தானை நோக்கித்தான் நடந்தது என்ற எண்ணத்தை, சென்னை மாகாணத்தின் வரலாறு ஏற்கவில்லை. முஸ்லிம் லீகில் இயங்கிய யாகூப் ஹசன், கிலாபத், ஒத்துழையாமை இயக்கங்களின் பொருட்டு 1921 பிப்ரவரியில் கோழிக்கோட்டில் கைதானார். 1937இல் ராஜாஜியின் காங்கிரஸ் அமைச்சரவையில் அமைச்சரானார். சமூக உரிமையும் நாட்டு விடுதலையும் அவருக்கு எதிரெதிர்த் திசைகள் அல்ல.

1946 தேர்தலில் இங்கும் முஸ்லிம் தொகுதிகளில் லீகே வென்றதே என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான். ஆனால் 1909இல் வந்த தனித்தொகுதி முறை முஸ்லிம் வாக்காளரைத் தனியே பிரித்து வைத்தது; சொத்து, வரி, கல்வித் தகுதி இல்லாத பெரும்பாலோருக்கு வாக்கே இல்லை. அந்த முடிவை ஒரு சமூகத்தின் முழுச் சம்மதமாகக் கொள்ள முடியாது. லீக் தலைவர் முகம்மது இஸ்மாயிலே பிரிவினைக்குப் பின் இங்கேயே தங்கி, 1948 மார்ச்சில் சென்னையில் இந்திய யூனியன் முஸ்லிம் லீகை உருவாக்கினார். தேர்தல் முறை வரைந்த எல்லைக்கோட்டை மக்கள் மனத்தின் எல்லையாக எண்ணுவதே பிழை.