'உள்ளேன் ஐயா' சொல்லும் விண்வெளி எதிரிகள்!

வீடியோ கேம் என்றதும் உங்களுக்கு என்ன ஞாபகம் வரும்? நிஜம் போலவே சீறிப் பாயும் கார், முகத்தில் வழியும் வியர்வைகூடத் தெரிகிற கிரிக்கெட் வீரர்... இதெல்லாம்தானே? இந்த வாரம் நாம் பார்க்கப்போகும் ஆட்டத்தில் அதெல்லாம் கிடையாது. கறுப்புத் திரை. அதில் புள்ளி வைத்துக் கோலம் போட்ட மாதிரி 55 குட்டி ஜந்துக்கள். கீழே ஒரே ஒரு பீரங்கி. அவ்வளவுதான்!

அதன் பெயர் 'ஸ்பேஸ் இன்வேடர்ஸ்'. விண்வெளியிலிருந்து படையெடுத்து வருபவர்கள் என்று அர்த்தம். 1978ல் ஜப்பானில் பிறந்தது. உங்கள் அப்பா, அம்மாவைவிட வயதில் மூத்ததாகக்கூட இருக்கலாம்!

இந்தத் தாத்தா ஆட்டமும், அதற்குப் பின் வந்த தம்பி தங்கைகளும் தூசி தட்டப்பட்டு, 'ஸ்பேஸ் இன்வேடர்ஸ் இன்வின்சிபிள் கலெக்‌ஷன்' என்று ஒரே தொகுப்பாக வந்திருக்கின்றன. நின்டெண்டோ ஸ்விட்ச் என்ற விளையாட்டுக் கருவிக்காக 2020ல் ஜப்பானிலும், 2021ல் மற்ற நாடுகளிலும் வெளியானது. இதை எப்படி விளையாடுவது, தந்திரங்கள் எங்கே ஒளிந்திருக்கின்றன, எந்த ஆட்டத்தை முதலில் ஆடுவது... எல்லாம் சொல்கிறேன். அதற்கு முன்னால் ஒரு மர்மத்தைப் பார்த்துவிடுவோமா?

ஆட்டம் தொடங்கும்போது எதிரிகள் ஆமை மாதிரி அசைகிறார்கள். 'டும்... டும்... டும்... டும்...' என்று நிதானமாக ஒரு சத்தம். நீங்கள் சுடச் சுட அவர்கள் எண்ணிக்கை குறைகிறது. குறையக் குறைய வேகம் கூடுகிறது! அந்த 'டும் டும்' சத்தமும் பயந்தவன் நெஞ்சு அடித்துக்கொள்வதுபோல வேகமாகிறது. கடைசியில் மிஞ்சும் ஒரே ஒரு எதிரி இருக்கிறானே, அவன் கண்ணில் அகப்படாமல் பறப்பான். ஆட்கள் குறைந்தால் வேகம் ஏன் கூடுகிறது?

ஒற்றை ஆள் பட்டாளம்

இந்த ஆட்டத்தை உருவாக்கியவர் தொமோஹிரோ நிஷிகாடோ. ஜப்பானில் டைட்டோ என்ற நிறுவனத்தின் இன்ஜினீயர். காசு போட்டால் ஆடலாம் என்கிற ரக மெஷின்களைச் செய்யும் நிறுவனம் அது. அமெரிக்காவின் அட்டாரி நிறுவனம் 1976ல் 'பிரேக்அவுட்' என்று ஓர் ஆட்டத்தை விட்டிருந்தது. பந்தை அடித்து, செங்கல் செங்கலாகச் சுவரை உடைக்க வேண்டும். நிஷிகாடோவுக்கு அது ரொம்பப் பிடித்துப்போனது. 'செங்கல் சும்மா நிற்கிறது. அது திருப்பி அடித்தால் எப்படி இருக்கும்?' என்ற யோசனையில் பிறந்ததுதான் ஸ்பேஸ் இன்வேடர்ஸ்.

இன்று ஒரு வீடியோ கேம் செய்ய நூற்றுக்கணக்கானோர் வேலை செய்கிறார்கள். அன்று படம் வரைந்தது, புரோகிராம் எழுதியது, மின்சுற்றுப் பலகை செய்தது எல்லாம் பெரும்பாலும் இவர் ஒருவர்தான். புரோகிராம் எழுதுவதற்குத் தேவையான கருவிகளையும் அவரே செய்துகொண்டார். சுமார் ஒரு வருட உழைப்பு!

எதிரியாக யாரை நிறுத்துவது? முதலில் விமானம், டாங்கி, கப்பல் என்று முயன்றார். அசைவு சரியாக வரவில்லை. வெட்டி வெட்டி இழுத்தது. மனிதர்கள் நடப்பது மட்டும் நன்றாக வந்தது. ஆனால், மனிதர்களைச் சுடுவதுபோல் ஆட்டம் வேண்டாம் என்று நிறுவனத்தில் சொல்லிவிட்டார்கள். நல்ல காரியம் செய்தார்கள்! அந்தச் சமயத்தில் அமெரிக்காவில் 'ஸ்டார் வார்ஸ்' படம் சக்கைப்போடு போடுகிற செய்தி வந்தது. சரி, விண்வெளிக்கே போய்விடுவோம் என்று முடிவு செய்தார். எச்.ஜி.வெல்ஸ் எழுதிய 'தி வார் ஆஃப் தி வேர்ல்ட்ஸ்' கதையில் செவ்வாய்க் கிரகவாசிகள் ஆக்டோபஸ் மாதிரி இருப்பார்கள். அந்த நினைவில் ஓர் ஆக்டோபஸ் வரைந்தார். கடலுக்குள் இறங்கிவிட்ட பிறகு என்ன? கூடவே ஒரு நண்டு, ஒரு கணவாய்!

உற்றுப் பாருங்கள். மேல் வரிசை கணவாய், நடு இரண்டு வரிசை நண்டு, கீழ் இரண்டு வரிசை ஆக்டோபஸ். விண்வெளிப் படை என்று பேர். வந்திருப்பது மீன் மார்க்கெட்!

மர்மம் விலகுது

இப்போது உங்கள் வகுப்பறைக்கு வாருங்கள். 55 பேர் இருக்கிறீர்கள். ஆசிரியர் ஒருவர்தான். அட்டெண்டன்ஸ் எடுக்கிறார். ஒவ்வொருவராகப் பேர் கூப்பிட, 'உள்ளேன் ஐயா!' என்கிறீர்கள். 55 பேரும் சொல்லி முடிக்க நேரம் பிடிக்கும் இல்லையா? மழை நாளில் ஐந்தே பேர் வந்திருந்தால்? சட்டென்று முடிந்துவிடும்!

அதே கதைதான் இங்கேயும். அந்த மெஷினின் மூளை, இன்டெல் 8080 என்ற சிப். 55 ஜந்துக்களையும் ஒரே நேரத்தில் நகர்த்தும் சக்தி அதற்கு இல்லை. திரையில் படம் விநாடிக்கு 60 முறை புதுப்பிக்கப்படும். ஒவ்வொரு முறையும் ஒரே ஒரு ஜந்து ஓர் அடி நகரும். அடுத்த முறை அதன் பக்கத்து ஜந்து. ஆக, 55 பேரும் ஓர் அடி எடுத்து வைக்க ஏறக்குறைய ஒரு விநாடி ஆகிவிடும். பாதிப் பேர் காலியானால் அரை விநாடி போதும். ஒரே ஒருவன் மிஞ்சினால்? அட்டெண்டன்ஸில் அவன் பெயர் மட்டும்தான் இருக்கும். 'உள்ளேன் ஐயா, உள்ளேன் ஐயா' என்று விநாடிக்கு 60 அடி வைத்துவிடுவான்!

ஆட்டத்தில் முதலில் ஐந்து வரிசையும் ஒன்றாகத் தாவாமல், பாம்பு நெளிவதுபோல் ஒவ்வொன்றாக அசைவதைப் பார்க்கலாம். அதுவும் இதனால்தான்.

எதிரி வேகமாக வேண்டும் என்று நிஷிகாடோ திட்டம் போட்டுச் செய்யவில்லை. மெஷினின் பலவீனம் அது. ஆனால், ஆடிப் பார்த்தபோது படபடப்பு ஏறியது, சுவாரஸ்யம் கூடியது. அப்படியே விட்டுவிட்டார்! 'ஆட்டம் போகப் போகக் கஷ்டமாக வேண்டும்' என்பது இன்று எல்லா வீடியோ கேம்களிலும் எழுதப்படாத சட்டம். அந்தச் சட்டத்தைப் பிரபலமாக்கியது, திணறிக்கொண்டிருந்த ஒரு சிப்.

பழைய ஆட்டத்தைப் புதுக் கருவிக்குக் கொண்டுவருவதில் உள்ள சிக்கலும் இதுவேதான். இன்றைய சிப்கள் அதைவிடப் பல ஆயிரம் மடங்கு வேகமானவை. 55 என்ன, 55 ஆயிரம் ஜந்துக்களைக்கூட ஒரே சமயத்தில் நகர்த்தும். அதன் போக்கில் விட்டால் முதல் விநாடியிலேயே எதிரிகள் தலையில் வந்து விழுவார்கள், ஆட்டமே கெட்டுவிடும். எனவே புதுக் கருவி, பழைய மெஷின் மாதிரியே மெதுவாக நடிக்க வேண்டும். ஓட்டப் பந்தய வீரர் தாத்தா மாதிரி தடியூன்றி நடந்து காட்டுவதுபோல!

இன்னொரு விஷயம், கலர். முதலில் வந்த மெஷினில் இருந்தது கறுப்பு வெள்ளைத் திரைதான். அதன்மேல் கலர் கண்ணாடித்தாளைப் பட்டை பட்டையாக ஒட்டினார்கள். அதனால் நிறம் எதிரிக்குச் சொந்தமில்லை, இடத்துக்குத்தான் சொந்தம்! பறந்து போகும் குண்டு பட்டைக்குப் பட்டை நிறம் மாறும். தொகுப்பில் கறுப்பு வெள்ளை, கலர் இரண்டு வடிவமும் உண்டு. என்னைக் கேட்டால் கறுப்பு வெள்ளையில்தான் தொடங்க வேண்டும்.

ஆட்டம் மொத்தமும் 8 கிலோபைட்தான். செல்போனில் எடுக்கும் ஒரு போட்டோ 4 மெகாபைட் என்று வைத்துக்கொண்டால், அந்த ஒரு போட்டோவின் இடத்தில் இதுபோல் 500 ஆட்டங்களை அடைத்துவிடலாம்!

வாங்க, சுடலாம்!

விதிகள் எளிது. பீரங்கியை இடம், வலமாக நகர்த்தலாம், சுடலாம். எதிரிகள் பக்கவாட்டில் நகர்ந்து, ஓரத்தைத் தொட்டதும் ஒரு படி கீழே இறங்குவார்கள். தரையைத் தொட்டுவிட்டால் ஆட்டம் முடிந்தது, கையில் எத்தனை உயிர் இருந்தாலும்! ஒளிந்துகொள்ள நான்கு அரண்கள் உண்டு. ஆனால், குண்டு பட்டால் அவை கரையும். உங்கள் குண்டு பட்டாலும் கரையும், ஜாக்கிரதை.

முக்கியமான ஒன்று: உங்கள் குண்டு ஒரு நேரத்தில் ஒன்றுதான் திரையில் இருக்க முடியும். அது எதிரியைத் தொடும்வரை, அல்லது உச்சிக்குப் போய் மறையும்வரை அடுத்தது கிளம்பாது. பட்டனை எத்தனை தட்டினாலும் பலனில்லை. குறி தவறினால் காத்திருக்க வேண்டியதுதான். இதுதான் அசல் தண்டனை.

எனவே தீபாவளித் துப்பாக்கி மாதிரி படபடவென்று சுடாதீர்கள். ஓரத்தில் இருக்கும் நெடுவரிசைகளை முதலில் காலி செய்யுங்கள். படையின் அகலம் குறையும். அப்போது ஓரத்தைத் தொட அவர்களுக்கு அதிக தூரம் நகர வேண்டியிருக்கும். கீழே இறங்குவது தாமதமாகும். உங்கள் அரணில் நீங்களே மெல்லிய ஓட்டை போட்டு, அதன் வழியாகச் சுடுவது இன்னொரு வழி.

கொஞ்சம் கணக்குப் போடுவோமா? ஆக்டோபஸுக்கு 10 புள்ளி, நண்டுக்கு 20, கணவாய்க்கு 30. வரிசைக்கு 11 பேர். ஆக்டோபஸ் 22 பேர், 220. நண்டு 22 பேர், 440. கணவாய் 11 பேர், 330. மொத்தம் 990. அத்தனை பேரையும் ஒழித்தாலும் ஆயிரம் வராது! அப்புறம் பெரிய ஸ்கோர் எடுப்பவர்கள் எப்படி எடுக்கிறார்கள்?

சுமார் 25 விநாடிக்கு ஒருமுறை உச்சியில் ஒரு பறக்கும் தட்டு 'உய்ங்' என்று போகும். அதை அடித்தால் 50, 100, 150, 300 என்று ஏதோ ஒரு புள்ளி கிடைக்கும். அதிர்ஷ்டம் என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். இல்லை! நீங்கள் எத்தனையாவது குண்டால் அடிக்கிறீர்கள் என்பதைப் பொறுத்தது அது. குறி தவறியவையும் கணக்கில் சேரும். 22 குண்டுகளைச் செலவழித்துவிட்டு, 23வது குண்டால் தட்டை அடித்தால் 300. அதன்பின் ஒவ்வொரு 15வது குண்டுக்கும் 300! வாய்க்குள் எண்ணிக்கொண்டே ஆட வேண்டும். எதிரிகள் எட்டுப் பேருக்கும் குறைவாகிவிட்டால் தட்டு வராது. எனவே 300 வேண்டுமென்றால் அவசரப்பட்டு எல்லோரையும் தீர்த்துவிடாதீர்கள்.

துணிச்சல்காரர்களுக்கு ஒன்று பாக்கி இருக்கிறது. எதிரியின் குண்டு அவன் காலுக்குச் சற்றுக் கீழேதான் தோன்றும். அவன் இறங்கி இறங்கி உங்கள் பீரங்கிக்கு நேர் மேலே வந்துவிட்டால், குண்டு உங்களைத் தாண்டிய இடத்தில் தோன்றும். உங்கள்மேல் படாது! கடைசிப் படி வரை அவர்களை வரவிட்டு, பிறகு வரிசையாகச் சுட்டுத் தள்ளலாம். ஜப்பானில் இதற்கு 'நகோயா தாக்குதல்' என்று பெயர். நகோயா அங்கே ஒரு நகரம். இன்னும் ஒரே ஒரு படி இறங்கினால் நீங்கள் காலி என்பதை மட்டும் மறக்க வேண்டாம்.

தம்பி தங்கைகள்

1978ல் ஜப்பானில் இந்த ஆட்டம் பிடித்த பிடியில், இதை மட்டுமே வைத்து 'இன்வேடர் ஹவுஸ்' என்ற விளையாட்டு அறைகள் முளைத்தன. காபிக் கடைகளில் மேசைக்குள்ளேயே திரையைப் பதித்து வைத்தார்கள். எல்லோரும் காசு போட்டு ஆடியதால் நாட்டில் 100 யென் நாணயத்துக்கே பஞ்சம் வந்தது என்று ஒரு கதை உண்டு. கேட்க ஜோராக இருந்தாலும் அதற்குச் சரியான ஆதாரம் இல்லை. யாராவது சொன்னால் நம்பிவிடாதீர்கள்!

சுடச்சுட 1979லேயே 'பார்ட் 2' வந்தது. இதில் சில எதிரிகளை அடித்தால் சாகமாட்டார்கள், இரண்டாகப் பிரிந்துவிடுவார்கள்! ஒன்றை நன்றாகப் பழகியபின் இதற்கு வாருங்கள்.

தொகுப்பில் எனக்கு ரொம்பப் பிடித்தது 'சூப்பர் ஸ்பேஸ் இன்வேடர்ஸ் 91'. நடுநடுவே போனஸ் சுற்று ஒன்று வரும். கீழே மாடுகள் பாவமாக நடந்துகொண்டிருக்கும். மேலே பறக்கும் தட்டுகள் வந்து மாட்டை அலாக்காகத் தூக்கும். நாம் மாடுகளைக் காப்பாற்ற வேண்டும். விழுந்து விழுந்து சிரிக்கலாம்!

1994ல் வந்த 'டி.எக்ஸ்.' ஆட்டத்தில், எதிரிகளுக்குப் பதிலாக டைட்டோவின் மற்ற ஆட்டங்களின் பாத்திரங்கள் வேஷம் கட்டி வரும். 2008ல் வந்த 'எக்ஸ்ட்ரீம்' வேறு ரகம். நீங்கள் சுடுவதும் வெடிப்பதும் பாட்டின் தாளத்தோடு சேர்ந்து ஒலிக்கும். கலர் கண்ணைப் பறிக்கும். கண் வலிக்கிற அளவுக்கு என்றே சொல்லலாம். அண்ணன், அக்கா, பக்கத்து வீட்டு நண்பன் என்று நாலு பேர் சேர்ந்தால் 'கிகாமேக்ஸ் 4' ஆடுங்கள். நாலு பீரங்கிகளும் ஒரே திரையில் நின்று சுடும்.

நியூயார்க்கின் நவீன கலை அருங்காட்சியகம் 2013ல் ஸ்பேஸ் இன்வேடர்ஸைத் தன் சேகரிப்பில் சேர்த்துக்கொண்டது. ஓவியங்களும் சிற்பங்களும் இருக்கிற இடத்தில் நம் நண்டும் கணவாயும்!

முதல் திரையைத் தாண்ட முடியாமல் தவிக்கிறீர்களா? கவலை வேண்டாம். இதைச் செய்த நிஷிகாடோவும் இந்த ஆட்டத்தில் அப்படியொன்றும் கெட்டிக்காரர் இல்லையாம். பேட்டியில் அவரே சொல்லியிருக்கிறார்.