ஏரியில் உறைந்த குதிரைகள்

அகுஸ்தின் தெ ஃபோக்ஸா, 1906இல் மாட்ரிட்டில் பிறந்த ஸ்பானியப் பிரபு. 1930இல் வெளியுறவுப் பணியில் சேர்ந்தார். புக்காரெஸ்ட், சோஃபியா என்று ஊர் ஊராகப் போனாலும் ‘ஏபிசி’ நாளிதழுக்குக் கட்டுரை அனுப்புவதை விடவில்லை. நாடகமும் எழுதினார். ஸ்பெயின் உள்நாட்டுப் போரில் தளபதி ஃபிராங்கோ பக்கம். 1938இல் வந்த அவருடைய நாவலில் அந்தப் பக்கத்துக் கோபம் கொதிக்கும். இத்தனை எழுதியும் வெளிநாட்டு வாசகர் பலருக்கு அவர் இன்னொருவர் புத்தகத்தில் வரும் பாத்திரம்தான்.

அந்த இன்னொருவர் இத்தாலியப் பத்திரிகையாளர் குர்சியோ மலபார்த்தே. இரண்டாம் உலகப் போரின்போது ஃபோக்ஸா ஹெல்சிங்கியில் ஸ்பெயினின் தூதர். மலபார்த்தே போர்ச் செய்தியாளர். இருவரும் நண்பர்கள். மலபார்த்தேயின் ‘கபுட்’ நூலில் ஃபோக்ஸா விருந்து மேசைகளில் குத்தலாகப் பேசிக்கொண்டே இருப்பார்.

அதே நூலில்தான் லடோகா ஏரிக் குதிரைகளும் வருகின்றன. காட்டுத்தீக்கு மிரண்ட நூற்றுக்கணக்கான குதிரைகள் ஏரிக்குள் பாய்கின்றன. கண்ணாடி நொறுங்குவது போன்ற சத்தத்தோடு ஏரி சட்டென உறைகிறது. மறுநாள் பார்த்தால் பனிக்கு மேலே குதிரைத் தலைகள் மட்டும்!

நடக்குமா? முழுப் பொய் என்று தள்ளிவிட முடியாது. மூடி திறக்காத குடிநீர் பாட்டிலை ஃப்ரீசரில் அசையாமல் இரண்டு மணி நேரம் வைத்துப் பாருங்கள். வாய்த்தால் பூஜ்யத்துக்குக் கீழே போயும் தண்ணீர் தண்ணீராகவே இருக்கும். இதுதான் மீக்குளிர்ச்சி. பனிப் படிகம் வளர ஒரு கரு வேண்டும். அது கிடைக்காமல் நீர் தவிக்கிறது. பாட்டிலை மேசையில் ஒரு தட்டு தட்டினால் வெள்ளை ஊசிகள் மேலிருந்து கீழே ஓடும். முதல்முறை பார்ப்பவருக்கு உடம்பு சிலிர்க்கும்.

இப்போது பாட்டிலைச் சாய்த்துப் பாருங்கள். உள்ளே கல் இல்லை, கூழ்! ஒரு கிராம் நீர் உறைய 334 ஜூல் வெப்பம் வெளியேற வேண்டும். அதை ஒரு டிகிரி குளிர்விக்கவோ 4.2 ஜூல் எடுத்தால் போதும். மைனஸ் 8 டிகிரி நீரில் பத்தில் ஒரு பங்கு உறைந்ததுமே, அது விட்ட வெப்பம் மிச்ச நீரைப் பூஜ்யத்துக்கு ஏற்றிவிடும். அதோடு ஓட்டம் நின்றது. மற்ற ஒன்பது பங்கும் காற்றுக்கு வெப்பத்தைக் கொடுத்துக் கொடுத்து, மெதுவாகத்தான் உறைய வேண்டும்.

ஏரிக்கு அந்தத் தவிப்பும் கிடையாது. தூசி, பாக்டீரியா, மேலே விழும் பனித்துகள் என்று கருவுக்குப் பஞ்சமே இல்லை. லடோகாவோ ஐரோப்பாவின் மிகப்பெரிய ஏரி. ஆழம் சில இடங்களில் 230 மீட்டர். அலையடிக்கும் அந்த நீர் மீக்குளிர்ந்து காத்திருக்காது; மேலிருந்து விரல் விரலாகத்தான் பனி தடிக்கும்.

எவ்வளவு மெதுவாக என்பது ஏரியின் தென்புறத்தில் தெரிந்தது. முற்றுகையில் பட்டினி கிடந்த லெனின்கிராடுக்கு உறைந்த ஏரியின் மேல்தான் மாவு வர வேண்டும். பனி தடிக்கட்டும் என்று அதிகாரிகள் நாள்தோறும் அளந்துகொண்டிருந்தார்கள். 1941 நவம்பர் 20 அன்று முதலில் இறங்கியது லாரி அல்ல, குதிரைகள் இழுத்த சறுக்குவண்டிகள். லாரியைத் தாங்குமா என்ற பயம்.

‘கபுட்’ 1944இல் நேப்பிள்ஸில் வெளியானது. குதிரைக் கதையைச் சோதிக்க ஒரு பாட்டில் போதும். ஃபோக்ஸா சொன்னதாக வரும் குத்தல்களில் எது அவருடையது, எது நண்பர் சேர்த்தது என்று பிரிக்க அப்படி எந்தக் கருவியும் இல்லை. அதே ஆண்டு ஃபோக்ஸாவின் செய்யுள் நாடகம் ஒன்றும் மாட்ரிட்டில் மேடையேறியது. அதில் ஒவ்வொரு வரியும் அவருடையதே.